ஐந்து மணி நேரத் திருகோணமலை

கப்பல், கடல், மான், மீன் என்று ஒரு ஜாலியான பயணப் பதிவாகத்தான் இதை ஆரம்பித்தேன். முக்கால்வாசி எழுதி டிராஃப்டில் கிடந்தது. ஏன் முடிக்க முடியவில்லை என்பதைக் கடைசியில் சொல்றேன். நடுவுல கொஞ்சம் சரித்திரம் வரும், பொறுத்துக்குங்க மக்களே.

2023 ஜூன்ல எம்.வி. எம்பிரஸ் கப்பல் சென்னையிலிருந்து இலங்கைக்குப் போக ஆரம்பிச்சது. பேப்பர்ல அதைப் பார்த்த அம்மா கேட்ட ஒரே கேள்வி, "திருகோணமலைக்குப் போகுமாடா?"

அம்மா தினமும் சாயங்காலம் விளக்கேத்திட்டு தேவாரப் புத்தகத்தை எடுத்து உட்காருவாங்க. ஈழத்தில் பாடல் பெற்ற தலங்கள் ரெண்டே ரெண்டு. மன்னார் பக்கம் திருக்கேதீச்சரம், இன்னொண்ணு திருக்கோணமலை. ராமேஸ்வரத்தில் இருந்துகொண்டே சம்பந்தர் அதைப் பாடினார் என்பது பெரியபுராணம். "அவராலயே போக முடியல, நான் எங்க போறது" என்பது எங்க வீட்டில் ரொம்ப நாளாக ஓடும் வசனம். எனக்கோ ஆபீஸில் ஆணி கொஞ்சம் குறைவாக இருந்த மாதம். கையில போனஸ் காசு. அம்மா, அப்பா, நான், மூணு டிக்கெட் போட்டாச்சு.

கப்பலைப் பத்தி அதிகம் சொல்ல ஒண்ணுமில்லை. நாள் பூரா சாப்பாடு. அப்பா நாலு வேளையும் சாப்பிட்டார். அம்மா தயிர்சாதத்தைத் தாண்டவில்லை. அம்பாந்தோட்டையைப் பார்த்துவிட்டு, ஒரு நாள் காலையில் திருகோணமலைத் துறைமுகத்துக்குள் போனோம். மூணு பக்கமும் பச்சை மலை, நடுவுல அசையாத தண்ணி. வெள்ளைக்காரன் ஏன் இதுக்கு அடிச்சுக்கிட்டான்னு பார்த்ததுமே புரிஞ்சது.

இறங்கினதும் ஒரு பஸ். ஐந்து மணி நேரம். டூரோட பேர் 'வைல்ட்லைஃப் அண்ட் கல்ச்சர்'. கோட்டை, மான், கோயில், வெந்நீர்க் கிணறு, அப்புறம் கப்பல். வைல்ட்லைஃப் கோட்டைக்குள்ள இருக்குன்னு படிச்சதும் எனக்குச் சிரிப்பு. கைடு நாற்பது தாண்டியவர், ஒல்லி, தலையில் தொப்பி. பஸ்ஸில் பாதி வடக்கத்திக்காரங்க என்பதால் இங்கிலீஷில் ஒரு தடவை, எங்களுக்காகத் தமிழில் ஒரு தடவை. "இஞ்ச பாருங்கோ", "கொஞ்சம் பொறுங்கோ" என்று அந்த ஊர்த் தமிழ். அம்மா வாயைப் பிளந்து கேட்டுக்கொண்டு வந்தாங்க.

ஃப்ரெட்ரிக் கோட்டை வாசலில் இறங்கினோம். பழைய கோணேசுவரம் கோயிலைப் போர்த்துகீசியர் 1622-ல் இடித்து, அந்தக் கல்லையே எடுத்து 1624-ல் கட்டிய கோட்டை. பிறகு டச்சுக்காரர், பிறகு ஆங்கிலேயர். 1803-ல் இங்கிலாந்து இளவரசர் ஒருத்தர் பெயரை வைத்துவிட்டார்கள். எல்லாரும் உள்ளே நுழைந்ததும் கைடு எங்களை மட்டும் நிறுத்தினார்.

"நீங்க மதுரைதானே? லிஸ்ட்டில பாத்தன். இதைப் பாருங்கோ."

வாசல் கல்லில் ரெண்டு மீன். பாண்டியர் சின்னம். பக்கத்தில் சிதைந்த தமிழ் எழுத்து. 13-ஆம் நூற்றாண்டில் சடையவர்மன் வீரபாண்டியன் ஈழத்துக்குப் படையெடுத்து வந்து கோணமலையில் கயல் பொறித்ததாகப் புதுக்கோட்டைப் பக்கம் குடுமியான்மலைக் கல்வெட்டு சொல்கிறது. மீனாட்சி கோயிலில் எத்தனை மீன் பார்த்திருப்பேன்! கடல் தாண்டி ஒரு கோட்டை வாசலில் அதையே பார்த்தபோது சிலிர்த்தது. ஆனா உடனே ஒரு உறுத்தல். படையெடுத்து வந்தவன் போட்ட முத்திரைதானே இது? கோயிலை இடித்தவனும் கல்லைத்தான் தொட்டான்.

உள்ளே மான்கள். புள்ளிமான். வேலி கிடையாது, கூண்டு கிடையாது. ஒரு பக்கம் ராணுவ முகாம், மரத்தடியில் மான்கள் படுத்து அசை போடுது. கோயிலுக்குப் போற ஜனம் நடுவுல நடக்குது. ஒரு குட்டி எதையோ மென்று கொண்டிருந்தது. கைடு சட்டென்று போய் அதன் வாயிலிருந்து பிளாஸ்டிக் பையை உருவி, சுருட்டித் தன் பாக்கெட்டில் வைத்துக்கொண்டார். "காட்டிலெண்டா சிறுத்தை, இஞ்ச சொப்பிங் பேக். பழத்தைக் குடுக்கிற சனம் பையையும் போட்டிட்டுப் போகுது." அம்மா பைக்குள் இருந்த வாழைப்பழத்தை மெதுவாக உள்ளே தள்ளிக்கொண்டாங்க. நான் பார்க்காத மாதிரி இருந்துவிட்டேன் :-)

மேலே சுவாமி மலை. கடலிலிருந்து சுமார் 400 அடி செங்குத்துப் பாறை, உச்சியில் கோணேசர். இப்போதுள்ள கோயில் புதுசு. 1950-ல் கிணறு தோண்டும்போது பழைய விக்கிரகங்கள் கிடைத்தன. அதற்குப் பிறகு கட்டி, 1963-ல் கும்பாபிஷேகம். 1956-ல் ஆர்தர் சி. கிளார்க்கும் மைக் வில்சனும் பாறைக்குக் கீழே கடலில் முங்கி, இடித்துத் தள்ளின பழைய கோயிலின் தூண்களைப் பார்த்திருக்கிறார்கள். ஆமா, அந்த சயின்ஸ் ஃபிக்‌ஷன் கிளார்க்கேதான்.

அம்மா சன்னிதியில் நின்று பதிகத்தை முணுமுணுத்து முடிக்கிற வரைக்கும் நானும் அப்பாவும் பாறை ஓரத்தில் நின்றோம். நேர் கீழே கருநீலக் கடல். இந்தத் துறைமுகத்துக்கு வெளியே கடலடியில் பெரிய பள்ளத்தாக்கு ஒண்ணு போகிறதாம். அதனால் கரைக்குப் பக்கத்திலேயே ஆழம், அதனால் நீலத்திமிங்கிலம் கரைக்குக் கிட்டவே வரும். பூமியில் இதுவரை வாழ்ந்த உயிர்களிலேயே பெரியது அதுதான். "அந்தா!" என்று அப்பா கத்தினார். மீன்பிடிப் படகு. அவ்வ்வ்.

அப்பா இன்னும் கொஞ்சம் எட்டிப் பார்க்கப் போக, பின்னாலிருந்து கைடின் குரல்: "ஐயா, அங்கிட்டுப் போயிராதீங்க, வழுக்கி விட்ரும்!"

அங்கிட்டு.

கோயிலை விட்டு வந்துகொண்டிருந்த அம்மா அப்படியே நின்னுட்டாங்க. "தம்பி, நீங்க எங்கிட்டு?" என்றார்கள். அவர் சிரித்தார். "மாட்டிக்கிட்டேனா? மதுரைதான்மா. ஆனையூர் முகாம். எட்டு வயசுல வந்தேன், முப்பதுல திரும்பினேன்."

அதற்குப் பிறகு அவர் பேசினது முழுக்க நம்ம ஊர்த் தமிழ். 1990 ஜூனில் இரண்டாவது தடவையாகச் சண்டை ஆரம்பித்ததும் குடும்பத்தோடு மன்னார் வரை நடந்தும் லாரியிலும் போய், ராத்திரி படகு. தனுஷ்கோடிக்கு முன்னால் மணல் திட்டில் இறக்கி விட்டுவிட்டான் படகுக்காரன். மண்டபம், பிறகு ஆனையூர். அப்பா பெயிண்டர் வேலை. "நீங்க எந்த ஏரியா?" என்றார். காளவாசல் என்றேன். "காளவாசலா! பைபாஸ் ரோட்டுல பாதி வீட்டுக்கு எங்கப்பாவும் நானும்தான் சுண்ணாம்பு அடிச்சோம். சிக்னல் இன்னும் அப்படியே ஜாம் ஆகுதா?" அங்கே 2020-ல் பாலமே வந்துவிட்டதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் அமைதியாக இருந்தார். சொந்த ஊரில் ஏதோ மாறிவிட்டதைக் கேட்ட முகம்.

"நீங்க கப்பல்ல வந்தீங்க, நாங்க போட்ல போனோம். அதே கடல்தான்" என்றார். குத்தலாகச் சொல்லவில்லை. நிஜமாகவே சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

எங்க வீட்டிலிருந்து ஆனையூருக்குப் பத்து கிலோமீட்டர் கூட இருக்காது. அந்தப் பக்கம் பைக்கில் போயிருக்கிறேன். முகாம் எங்கே இருக்குன்னு ஒரு தடவைகூட நிறுத்திப் பார்த்ததில்லை.

கடைசியா கன்னியா வெந்நீர்க் கிணறுகள். வரிசையாக ஏழு சின்னக் கிணறு, ஒவ்வொன்றிலும் ஒரு சூடு. ராவணன் தன் அம்மாவுக்குக் காரியம் செய்ய ஏழு இடத்தில் குத்தினான், தண்ணி வந்தது என்று கதை. இறந்தவங்களுக்குச் சடங்கு செய்ய இன்றும் ஜனங்கள் வருகிறார்கள். அம்மா எங்க ஆச்சியை நினைத்து ஒரு வாளி மொண்டு தலையில் ஊற்றிக்கொண்டாங்க. அதற்குள் பஸ் ஹாரன். ஐந்து மணி நேரம் முடிந்தது.

துறைமுக வாசலில் கைடு ஒரு பொட்டலத்தை என் கையில் கொடுத்தார். தொதல். தேங்காய்ப்பாலும் சர்க்கரையும் போட்டுக் கிண்டுகிற, நம்ம கருப்பு அல்வா மாதிரி ஒன்று. "எங்கக்கா இன்னும் ஆனையூர்லதான் இருக்கு. கல்யாணம், பிள்ளைங்க எல்லாம் அங்கிட்டே. பார்த்துப் பதினோரு வருஷம். போற வழியில குடுத்துருவீங்களா?" நம்பரும் எழுதிக் கொடுத்தார்.

போற வழிதான். ஆனா ஊருக்கு வந்ததும் ரிலீஸ், நைட் ஷிப்ட், இது அதுன்னு ஆணி. பொட்டலம் ஃப்ரிட்ஜில் மூணு வாரம் கிடந்தது. அம்மா திட்டிய திட்டை இங்கே எழுத முடியாது. கடைசியில் போன் போட்டு, நானே முகாமுக்குக் கொண்டு வர்றேன் என்றேன். "வேணாம் தம்பி, வெளியாள் வந்தா கேள்வி வரும். நானே காளவாசலுக்கு வாறன்" என்றார் அந்த அக்கா. பஸ் மாறி வந்தார்.

பாலத்துக்கு அடியில் நின்று தொதலைக் கொடுத்தேன். பிரிக்காமல் மோந்து பார்த்தார். பிறகு கேட்டார், "தம்பி, கோட்டைக்குள்ள மான் இன்னும் நிக்குதா?"

போனை எடுத்துப் படங்களைக் காட்டினேன். கோட்டை வாசல், ரெண்டு மீன், மான் குட்டி, கோயில், பாறை, கன்னியா. ஒவ்வொன்றுக்கும் கைடு சொன்னதைத் திருப்பிச் சொன்னேன். அக்கா வந்தது பன்னிரண்டு வயசில். வாசலைப் பெரிசு பண்ணிப் பார்த்து, "இதால போய் வலப்பக்கம் ஒரு மரம், அதுக்குக் கீழதான் நாங்க விளையாடுறது" என்றார். பஸ் ஹாரன், ஷேர் ஆட்டோ சத்தத்துக்கு நடுவுல அரை மணி நேரம் போனது தெரியவில்லை. தம்பி படத்தில் மட்டும் ரொம்ப நேரம் நின்றார். "மெலிஞ்சிட்டான்" என்றார்.

கிளம்பும்போது இன்னொண்ணு கேட்டார். அவங்க பையன் இசிஇ முடித்திருக்கிறான். என் வயசுதான், அதே அண்ணா யுனிவர்சிட்டி சிலபஸ். பெயிண்ட் அடிக்கப் போகிறான். "உங்க கம்பெனியில இவனை மாதிரிப் பிள்ளைகளை எடுப்பாங்களா தம்பி?"

கேட்டுச் சொல்றேங்க்கா என்றேன். கேட்டேன். பாஸ்போர்ட் நம்பர், நேஷனாலிட்டி, ரெண்டு கட்டத்திலும் எழுத ஒன்றுமில்லை என்றதும் மெயில் நின்று போனது. அவன் பிறந்தது மதுரையில். ஆனால் 1987 ஜூலைக்குப் பிறகு இங்கே பிறந்தவர்களுக்கு அப்பா அம்மாவில் ஒருத்தராவது இந்தியக் குடிமக்களாக இருந்தால்தான் குடியுரிமை. 2021-ல் அகதி முகாம் என்ற பெயரை மறுவாழ்வு முகாம் என்று மாற்றினார்கள். நல்லதுதான். கம்பெனி ஃபாரத்தில் அந்தப் பெயருக்குக் கட்டம் இல்லை.

அக்காவிடம் இன்னும் பதில் சொல்லவில்லை. இந்தப் பதிவு டிராஃப்டில் கிடந்ததற்குக் காரணம் அதுதான். படிக்கிற உங்களில் பாதிப் பேர் என்னை மாதிரி கம்ப்யூட்டர் கம்பெனிக்காரங்க. முகாம் பிள்ளைகளை வேலைக்கு எடுக்கிற, எடுத்த கம்பெனி ஏதாவது தெரிந்தால், எப்படிச் செய்தார்கள் என்று தெரிந்தால் சொல்லுங்க. சும்மா ஆறுதல் வேண்டாம், வழி தெரிஞ்சா போதும்.

டிஸ்கி: திருகோணமலை போனால் மானுக்கு எதுவும் கொடுக்காதீங்க. அம்மாவின் வாழைப்பழம் கப்பலுக்கே திரும்பி வந்தது. அப்பாதான் சாப்பிட்டார்.