ஒருவருக்காக என்ன சமைப்பது?



இந்த வாரம் உங்களோடு ஒரு சிற்றுண்டியைப் பற்றிப் பேச விரும்புகிறேன். நறுக்கிய தக்காளியையும் பால்கட்டியையும் உப்பிலும் எண்ணெயிலும் சற்று நேரம் ஊறவைத்து உண்ணும் எளிய உணவு அது. அடுப்பு மூட்ட வேண்டியதில்லை. ஒரு கத்தி, ஒரு கிண்ணம், அரைமணி நேரம் ஆகியவை இருந்தால் போதும். சபையார் அனைவருக்கும் இது பயன்படும் எனினும், மாலை வேளையில் தனித்து அமர்ந்து உண்கிறவர்களை மனத்தில் வைத்தே எழுதுகிறேன்.

வீடு சந்திப்புக்காக வரும்போது உங்கள் அடுக்களைகளையும் நான் காண நேரிடுகிறது. பிள்ளைகள் வேலையின் பொருட்டுத் தொலைதூரம் போய்விட்ட வீடுகள் நம் தெருக்களில் பெருகிவிட்டன. கணவனோ மனைவியோ முந்திச் சென்றபின், எஞ்சிய ஒருவர் அத்தனை அறைகளுக்கும் நடுவே வாழ்கிறார். காலையில் கொஞ்சம் சோறு வடிக்கிறார், மதியமும் அதுவே. இரவானால் ஒரு குவளைத் தேநீரும் இரண்டு ரஸ்க்கும். ஏன் இப்படி என்று கேட்டால், “ஒருத்தருக்காக என்னத்த சமைக்க, ஐயா?” என்கிறார்கள். எத்தனையோ வீடுகளில் இதே வார்த்தைகளைக் கேட்டிருக்கிறேன். அதில் சோம்பல் இல்லை. ஆயுள் முழுவதும் பிறருக்காகச் சமைத்தவர்களும், பிறர் சமைத்ததை உண்டு பழகியவர்களும், தமக்கென்று ஒரு வெங்காயம் நறுக்குவதையும் மிகையாகக் கருதுகிறார்கள். அந்த எண்ணம் உடலையும் மெலியச் செய்கிறது, மனத்தையும் மெலியச் செய்கிறது.

இந்த உணவை எனக்குச் செய்து காட்டியவள் என் மகள். விடுமுறைக்கு வந்திருந்தபோது, நகரத்துக் கடையில் வாங்கிய பால்கட்டியோடு எங்கள் மேசையில் வைத்தாள். இதன் பிறப்பிடம் இத்தாலி. நேப்பிள்ஸ் வளைகுடாவில் உள்ள காப்ரி என்னும் சிறு தீவின் பெயரால் இதனைக் காப்ரேசே என்று அழைக்கிறார்கள். சிவந்த தக்காளி, வெண்மையான மொசரெல்லா, பசுமையான துளசியினத்து இலை ஆகிய மூன்றும் அந்நாட்டுக் கொடியின் மூன்று நிறங்களையும் தட்டில் கொண்டுவந்து சேர்க்கின்றன.

ஆயினும் அந்தத் தக்காளி இத்தாலியின் சொந்தப் பயிரன்று. தென் அமெரிக்காவில் தோன்றி, மெக்சிகோவில் பண்பட்டு, 16ஆம் நூற்றாண்டில் கடல் கடந்து ஐரோப்பாவுக்கு வந்தது. சியன்னா நகரில் பிறந்த மத்தியோலி என்னும் மருத்துவர் 1544இல் அதைப் பற்றி எழுதினார். நெடுங்காலம் பலர் அதை ஐயத்தோடே நோக்கினர். இன்று தக்காளி இல்லாத இத்தாலிய அடுக்களையை எண்ணிப் பார்க்க முடியாது; தக்காளி இல்லாத நம் ரசத்தையும் அப்படியே. நம் முதியோர் அதனைச் சீமைத்தக்காளி என்றே சொன்னார்கள். அந்நியமாக வந்த ஒன்று வீட்டுப் பிள்ளையாக மாறுவதற்குக் காலம் வேண்டியிருக்கிறது.

மொசரெல்லாவின் கதை நமக்கு இன்னும் நெருக்கமானது. நேப்பிள்ஸைச் சூழ்ந்த கம்பானியா நாட்டில் அதை எருமைப்பாலில் செய்கிறார்கள். பாலை உறையவைத்து, திரண்ட கட்டியை வெந்நீரில் இட்டு, நூல்போல் நீளும்வரை இழுத்துப் பிசைந்து, கையால் உருண்டைகளாகக் கிள்ளி எடுப்பார்கள். கிள்ளுதலையும் வெட்டுதலையும் குறிக்கும் சொல்லிலிருந்தே மொசரெல்லா என்ற பெயர் வந்தது. 1996 முதல் அப்பகுதியின் எருமைப்பால் மொசரெல்லாவுக்கு ஐரோப்பியச் சட்டப்படி பெயர்ப் பாதுகாப்பு உண்டு. எருமைப்பாலின் கொழுப்பையும் வெண்மையையும் நன்கறிந்த நமக்கு அதன் அருமையை விளக்க வேண்டியதில்லை.

இனிச் செய்முறைக்கு வருவோம். இரண்டு பேருக்கு நன்கு பழுத்த நடுத்தரத் தக்காளி நான்கு எடுத்துக்கொள்ளுங்கள். ஏறத்தாழ 400 கிராம் இருக்கும். நாட்டுத் தக்காளியானால் புளிப்பு அதிலேயே உண்டு. பெங்களூர்த் தக்காளியானால் அரை மூடி எலுமிச்சைச் சாறு சேர்க்க வேண்டிவரும். குளிர்பதனப் பெட்டியில் கிடந்த தக்காளி வேண்டாம். குளிரில் அதன் மணம் குன்றிவிடும். ஒவ்வொன்றையும் எட்டாக நறுக்குங்கள். விதைகளையும் அவற்றைச் சூழ்ந்த கூழையும் வழித்தெறிய வேண்டாம். சதையைவிட அந்தக் கூழிலேயே சுவை மிகுதி.

நறுக்கியதைக் கிண்ணத்தில் இட்டு, அரைத் தேக்கரண்டி உப்பைத் தூவிக் கிளறி, கால்மணி நேரம் அப்படியே விட்டுவிடுங்கள். இங்கேதான் வேலை நடக்கிறது, நம் கையால் அன்று. உப்பு தக்காளியின் உள்ளிருக்கும் நீரை வெளியே இழுக்கிறது. உலர்ந்திருந்த கிண்ணத்தின் அடியில் இளஞ்சிவப்பான சாறு தேங்குவதைக் காண்பீர்கள். நீங்கள் ஒரு துளி நீரும் ஊற்றவில்லை. அது முழுவதும் தக்காளிக்குள்ளேயே இருந்தது.

அந்தச் சாற்றில் மூன்று மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெயும், தட்டிய பூண்டுப் பல் ஒன்றும், கொரகொரப்பாகப் பொடித்த மிளகும் சேருங்கள். ஆலிவ் எண்ணெய் இல்லாதவர்கள் நல்லெண்ணெய் ஒன்றரைக் கரண்டி ஊற்றலாம். அதன் மணம் வலியது, மிகுந்தால் தக்காளியை மறைத்துவிடும். பிறகு 150 கிராம் பால்கட்டியைச் சேர்த்து, மேலும் கால்மணி நேரம் ஊறவிடுங்கள். நீரில் மிதக்கவிட்டு விற்கும் புதிய மொசரெல்லா கிடைத்தால் கையால் பிய்த்துப் போடுங்கள். பீட்சாவுக்கென்று விற்கும் உலர்ந்த கட்டி இதற்கு ஏற்றதன்று. கிடைக்காத ஊர்களில் பன்னீர் போதும். அதை வெதுவெதுப்பான உப்பு நீரில் பத்து நிமிடம் வைத்திருந்து, சுண்டுவிரல் நுனியளவு துண்டுகளாக நறுக்கினால் மிருதுவாகிச் சாற்றை ஏற்கும்.

இறுதியில் இலை. இத்தாலியர் சேர்க்கும் பேசில் நமக்கு அந்நியமான செடியன்று. நம் ஊரில் திருநீற்றுப்பச்சிலை என்று வளர்வது அதே இனந்தான். சர்பத்தில் போடும் சப்ஜா விதை அதன் விதையே. நம் செடியின் மணம் சற்று மாறுபடும். ஆகவே நாலைந்து இலைகள் போதும். உண்ணும் நேரத்தில் கிள்ளிப் போடுங்கள். இரத்த அழுத்தம் உள்ளவர்கள் உப்பைப் பாதியாக்கி எலுமிச்சையைக் கூட்டிக்கொள்ளலாம்.

ஒரு காரியத்தை வலியுறுத்திச் சொல்ல வேண்டும். இந்த உணவை மறுநாளைக்கு வைக்காதீர்கள். ஊறிய தக்காளி இரவு முழுவதும் நீரை விட்டுத் துவண்டுபோகும்; இலை கறுத்துப்போகும். பச்சைப் பூண்டு எண்ணெயில் நெடுநேரம் வெளியே கிடந்தால் நச்சுக் கிருமி வளரவும் இடமுண்டு. வனாந்தரத்தின் மன்னாவைப் போல இதுவும் அந்தந்த நாளுக்கு உரியது. நான்கு தக்காளியை ஒருவர் தனியே தின்று முடிப்பது கடினம், எடுத்துவைக்கவும் வழியில்லை. அப்படியானால் என்ன செய்வது? இதற்கு விடையைச் சென்ற ஆண்டு ஒரு முதியவரின் வீட்டில் கண்டேன்.

அவர் பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். மனைவியை அடக்கம் செய்து நான்கு மாதங்கள் ஆகியிருந்தன. ஒரு மாலை தக்காளியும் பன்னீரும் வாங்கிக்கொண்டு போனேன். “அண்ணாச்சி, இன்றைக்கு நாம் இரண்டு பேரும் சமைப்போம்” என்றேன். அடுக்களை வாசலில் தயங்கி நின்றார். உப்புச் சாடி எந்தத் தட்டில் இருக்கிறதென்று அவருக்குத் தெரியவில்லை. அலமாரியில் தேடி எடுத்தோம். சாடியின் மூடியில் மனைவியார் ஒட்டியிருந்த காகிதத்தில் ‘உப்பு’ என்று எழுதியிருந்தது. அதைச் சற்று நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார். நான் ஒன்றும் சொல்லவில்லை.

பிறகு தக்காளிகளைக் கரும்பலகையில் கோடு கிழிப்பவரைப் போல ஒரே அளவாக நறுக்கினார். உப்பைத் தூவியபின், “இனி என்ன செய்யணும், ஐயா?” என்று கேட்டார். கால்மணி நேரம் காத்திருக்க வேண்டும் என்றேன். அவருக்கு அது பிடிக்கவில்லை. அந்த வீட்டில் காத்திருப்பதுதான் அவருக்குப் பாரமாக இருந்தது என்பதை அப்போது உணர்ந்தேன். “பக்கத்து வீட்டில் யார் இருக்கிறார்கள்?” என்று கேட்டேன். ஓய்வுபெற்ற தபால்காரர் ஒருவர் இருந்தார். இருவரும் முன்பு தினமும் திண்ணையில் அமர்ந்து பேசியவர்கள். துக்கம் வந்தபின் இவர் வெளியே வரவில்லை; அவர் தொந்தரவு செய்ய வேண்டாமென்று ஒதுங்கியிருந்தார். நம் ஆசிரியர் கொல்லைப்புறச் சுவர் ஓரமாய்ப் போய் நின்று, பெயர் சொல்லி அழைத்தார். நான்கு மாதங்களில் அவர் அப்படி உரக்கக் குரல் கொடுத்தது அதுவே முதல்முறை என்று பின்னர் சொன்னார்.

மூவரும் உண்டோம். தபால்காரருக்குப் பூண்டு அதிகம் என்று குறை. கிண்ணத்தில் எஞ்சிய சாற்றை ரொட்டித் துண்டால் துடைத்து உண்டோம். இத்தாலியரும் அப்படியே செய்கிறார்கள். அதற்கு ‘ஸ்கார்பெட்டா’, அதாவது சிறு காலணி, என்று ஒரு செல்லப் பெயரே வைத்திருக்கிறார்கள். அடுத்த மாதம் நான் மறுபடி போனபோது ஆசிரியர் எனக்கே ஒரு தட்டைக் கொண்டுவந்து வைத்தார். இலைக்குப் பதில் கொத்துமல்லியும், மிளகுக்குப் பதில் பச்சைமிளகாயும் இருந்தன. “காப்ரிக்காரன் கோபப்படுவானோ?” என்று கேட்டுச் சிரித்தார். அவர் துக்கம் தீர்ந்துவிட்டதென்று நான் சொல்லமாட்டேன். புதன்கிழமை தோறும் அந்தச் சுவரருகே ஒரு குரல் கேட்கிறது என்பதை மட்டும் சொல்கிறேன்.

வேதத்தில் பால்கட்டி வரும் இடம் ஒன்றை நீங்கள் அறிவீர்கள். கோலியாத்தின் நிகழ்ச்சிக்கு முன், ஈசாய் தன் இளைய மகன் தாவீதைப் போர்க்களத்துக்கு அனுப்புகிறார். சகோதரருக்கு வறுத்த பயறும் அப்பங்களும், அவர்களுடைய தலைவனுக்குப் பத்துப் பால்கட்டிகளும் கொடுத்தனுப்புகிறார். சகோதரர் நலமாயிருக்கிறார்களா என்று விசாரித்து வரவும் சொல்கிறார். கவணையும் கல்லையும் நினைவில் வைத்திருக்கும் நாம் அந்தத் தந்தையின் கவலையை மறந்துபோகிறோம். தாவீது அன்று வீட்டை விட்டுப் புறப்பட்டது யுத்தத்துக்காக அல்ல. உணவைக் கொண்டுபோய்க் கொடுத்து, நலம் விசாரிக்கவே புறப்பட்டார்.

நம் பகுதித் திருச்சபைகள் அசனத்தை விடாமல் நடத்திவருவதற்கும் இதுவே காரணம் என்று எண்ணுகிறேன். அன்று ஏழை, செல்வர் அனைவரும் ஒரே பந்தியில் ஒரே சோற்றை உண்கிறோம். அது ஆண்டுக்கு ஒருமுறை. மற்ற நாள்களின் மாலைகளுக்கு இத்தகைய சிறிய தட்டுகள் வேண்டும்.

ஆகையால் பிரியமானவர்களே, “ஒருவருக்காக என்ன சமைப்பது?” என்று கேட்கிற உங்களுக்கு என் விடை இது: ஒருவருக்காகச் சமைக்க வேண்டாம், இருவருக்காகச் செய்யுங்கள். உப்பைத் தூவிவிட்டு ஊறும் நேரத்தில் ஒருவரை அழையுங்கள். பக்கத்து வீட்டார் வரலாம். ஞாயிறு ஆராதனையில் உங்கள் பின்வரிசையில் தனியே அமர்கிறவர் வரலாம். யாரும் வர இயலாத நாளில் இரண்டு தக்காளியை மட்டும் நறுக்கி, நல்ல தட்டில் எடுத்துவைத்து, அமர்ந்து உண்ணுங்கள். விருந்தினருக்கென்று அலமாரியில் பூட்டியிருக்கும் அந்தப் பீங்கான் தட்டு உங்களுக்கும் உரியதே.

இல்லம் நிறைந்து வாழ்கிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் தெருவில் இரவு ஒரே ஒரு விளக்கு எரியும் வீடு எது என்று இந்த வாரம் பாருங்கள். நான்கு தக்காளி வாங்கிக்கொண்டு அங்கே போங்கள். செய்து முடித்ததைக் கொடுத்துவிட்டுத் திரும்பாமல், அங்கேயே அமர்ந்து நறுக்குங்கள். அந்த அரைமணி நேரத்தை அவரோடு செலவிடுங்கள்.

உங்கள் மேசைகள் ஆசீர்வதிக்கப்படுவதாக.