மாறுதல் உத்தரவும் பழவேற்காட்டுப் பாடும்

பழவேற்காடு ஏரியில் யார் எங்கே வலை கட்டுவது என்பதற்கு ஒரு பழைய முறை உண்டு. பெயர் "பாடு". கோட்டைக்குப்பம் போன்ற ஊர்களில், தலைக்கட்டில் பெயர் உள்ளவர்களுக்குச் சீட்டுப் போட்டு முறை வைத்து இடம் ஒதுக்குவார்கள். இன்று நல்ல இடம் கிடைத்தவருக்கு நாளை சுமாரான இடம். முறை என்னவென்று ஊருக்கே தெரியும்.

அதே ஊர் வாத்தியாருக்கோ கிராம செவிலியருக்கோ மாறுதல் வந்தால்? "நிர்வாக நலன் கருதி" என்று ஒரு வரி இருக்கும். யாருடைய நலன், என்ன நலன் என்று இருக்காது. (வருடாந்திரக் கலந்தாய்வு வேறு விஷயம், அதில் வரிசையாவது உண்டு.)

சரி, கோர்ட்டுக்குப் போகலாமா? தாராளமாகப் போகலாம். அரசியல் சட்டப் பிரிவு 226-ன் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். ஜெயிப்பதுதான் கஷ்டம். மாறுதல் என்பது அரசு வேலையோடு கூடவே வருவது, உள்நோக்கம் இருந்தாலோ சட்ட விதி மீறப்பட்டாலோ மட்டுமே தலையிடுவோம் என்பது நீதிமன்றங்களின் நிலை.

இதற்கு முன்னோடி வழக்கே நம் ஊர் வழக்குதான். தமிழகத் தலைமைச் செயலாளராக இருந்த ஈ.பி. ராயப்பா 1971-ல் திட்டக்குழுத் துணைத் தலைவர் பதவிக்கும், 1972-ல் சிறப்பு அதிகாரி பதவிக்கும் மாற்றப்பட்டார். பழிவாங்கல் என்று உச்ச நீதிமன்றம் போனார். 1973 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் மனுவைத் தள்ளுபடி செய்தார்கள். உள்நோக்கம் நிரூபணமாகவில்லை என்றார்கள். வேடிக்கை என்னவென்றால், தோற்றுப்போன அந்த வழக்கில்தான் நீதிபதி பகவதி, தான்தோன்றித்தனமும் சமத்துவமும் ஒன்றாக இருக்க முடியாது என்று எழுதினார். பிரிவு 14 பற்றிய வழக்குகளில் இன்றுவரை அதை எடுத்துக்காட்டுகிறார்கள். தலைமைச் செயலாளராலேயே நிரூபிக்க முடியாததைக் குப்பத்து வாத்தியார் எதை வைத்து நிரூபிப்பார்? கோப்பு முழுக்க அரசிடம் இருக்கிறதே!

வாத்தியார்கள் சம்பந்தப்பட்டது 1991-ன் ஷில்பி போஸ் வழக்கு. பீகாரில் சில ஆசிரியைகள் கணவர் வேலை பார்க்கும் ஊருக்கு மாறுதல் கேட்டு வாங்கினார்கள். அதனால் இடம் இழந்தவர்கள் வழக்குப் போட, உயர் நீதிமன்றம் உத்தரவை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றமோ அந்த ரத்தையே ரத்து செய்துவிட்டது. காமர்ஸ் படிப்பவர்களுக்குச் சுலபமாகப் புரியும். இரட்டைப் பதிவு முறைதான்: ஒருவருக்கு வரவு என்றால் இன்னொருவருக்குப் பற்று.

எப்போதும் அரசே ஜெயிப்பதில்லை. 2008-ல் சோமேஷ் திவாரி வழக்கில், ஒரு மொட்டைக் கடிதத்தின் பேரில் மாறுதல் போட்டிருந்தார்கள். விசாரணையில் புகார் பொய் என்று ஆன பிறகும் அவரை மாற்றியது சட்டப்படி உள்நோக்கம்தான் என்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

2013-ல், தஞ்சாவூர்க்காரரான முன்னாள் அமைச்சரவைச் செயலாளர் டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் போட்ட வழக்கில், குடிமைப்பணி அதிகாரிகளுக்குக் குறைந்தபட்சப் பதவிக்காலம் வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. பெரிய அதிகாரிகளுக்கு நல்லதுதான்.

ஆனால் இந்த வழக்குகள் எல்லாவற்றிலும் ஒரு பக்கம் ஊழியர், மறுபக்கம் அரசு. ஊர் எங்கேயும் கட்சிக்காரர் இல்லை. ஆந்திரப் பக்கம் இருக்கம் தீவுக்குப் படகில்தான் போக வேண்டும். அப்படிப்பட்ட இடத்திலிருந்து வெளியே போக எல்லோரும் காரணம் வைத்திருப்பார்கள், உள்ளே வரக் காரணம் தேடுபவர் குறைவு. ஒருவர் மாறிப் போனால் அடுத்தவர் வந்து சேரும்வரை வகுப்பு காலி. அந்த நாட்களுக்காக மனுப்போட அங்கே படிக்கும் பிள்ளைக்கு எந்த விதியும் இல்லை.