தண்டலுக்கு என்ன வட்டி?

பொருளாதாரம் படித்தவர் கேமரா முன்னால் வந்து, பணம் என்றால் என்னவென்று சாதாரண மக்களுக்குச் சொல்வது புதிதல்ல. 1961 முதல் 1963 வரை இந்தியாவில் அமெரிக்கத் தூதராக இருந்த பொருளாதார அறிஞர் ஜான் கென்னத் கால்பிரெய்த், 1977இல் பிபிசிக்காக 13 பகுதிகள் கொண்ட ஆவணத் தொடரை எழுதி, தானே பேசினார். அதில் ஒரு பகுதி முழுக்கப் பணத்தின் கதை.

அந்தப் பகுதியைத்தான் ஒரு ஞாயிறு மாலை குமணன்சாவடியில் எங்கள் படிப்பு வட்டத்தில் திரையிட்டோம். ஆங்கிலப் படம் என்பதால் நிறுத்தி நிறுத்தித் தமிழில் சொன்னோம். வங்கி கடன் கொடுக்கும்போதே புதுப் பணம் பிறக்கிறது என்று விளக்கியபோது எங்களுக்கே பெருமையாக இருந்தது. ரோட்டோரம் இட்லிக் கடை போடும் அக்கா ஒருவர் எழுந்தார்.

"அதெல்லாம் இருக்கட்டும் தம்பி. நான் கட்டுற தண்டலுக்கு என்ன வட்டி? அத மொதல்ல சொல்லுங்க."

எங்களில் முதுகலை முடித்தவர்கள் இருந்தோம். ஒருவருக்கும் உடனே சொல்லத் தெரியவில்லை.

படத்தை நிறுத்திவிட்டு அக்காவின் கணக்கைப் போட்டோம். கடன் 10,000. பிடித்தம் 1,500. கையில் வந்தது 8,500. தினம் 100 ரூபாய், 100 நாள். "நூத்துக்குப் பதினஞ்சுதானே" என்றே நினைத்திருந்தார். ஆனால் முதல் நாளிலிருந்தே அசல் திரும்பிப் போகிறது. ஐம்பதாம் நாள் பாதி கட்டியாயிற்று. வட்டி மட்டும் முழுத் தொகைக்கும் முன்கூட்டியே பிடித்தாயிற்று. ஆண்டுக் கணக்கில் அது 100 விழுக்காட்டைத் தாண்டுகிறது. கந்துவட்டியையும் தண்டலையும் தடுக்கும் சட்டம் 2003இலிருந்து தமிழ்நாட்டில் இருக்கிறது.

அக்கா கேட்டுவிட்டுச் சொன்னார்: "தெரிஞ்சு என்ன பண்ண? காலையில அரிசி, உளுந்துக்கு யாரு காசு குடுப்பா?"

அந்தக் கேள்விதான் எங்களைச் சுட்டது. தெருவோர வியாபாரிகளுக்கு 2020இல் பி.எம். ஸ்வநிதி திட்டம் வந்தபோது முதல் கடனே பிணையில்லாமல் 10,000 ரூபாயாக இருந்தது. அக்காவுக்குத் தேவைப்பட்ட அதே தொகை. வங்கி எப்படிப் பணத்தைப் படைக்கிறது என்று சொன்ன நாங்கள், அந்த வங்கிக்குள் அவர் நுழையும் வழியைச் சொல்லவில்லை.

தோழர்களே, அண்ணல் அம்பேத்கரின் 'ரூபாயின் பிரச்சினை' 1923இல் லண்டனில் வெளிவந்தது. கெயின்ஸ் ஆதரித்த தங்க மாற்று முறையை அதில் அவர் எதிர்த்தார். ரூபாயின் மதிப்பு விழுந்தால் விலைவாசி முந்தும், கூலி பின்தங்கும். ஏற்றுமதியாளரின் லாபம் கூலிக்காரரின் வயிற்றிலிருந்து எடுக்கப்படுவது என்று வாதிட்டார். 1925இல் ஹில்டன் யங் குழு முன் சாட்சியமும் அளித்தார். அவருக்கு நாணயக் கொள்கை சோற்றுப் பிரச்சினை. ஏப்ரல் 14 அன்று 'ரிசர்வ் வங்கிக்கு வித்திட்டவர்' என்று ஸ்டேட்டஸ் வைக்கிறோம். அந்த வாதத்தை நம் தெருவுக்கு எடுத்துப் போனோமா?

இப்போது போனிலேயே ஒரு சிறு படம் எடுக்கிறோம். விளக்குவது நாங்கள் இல்லை, அக்காதான். தண்டல் அட்டையைக் கையில் பிடித்து, நாள் நாளாகக் கணக்குச் சொல்கிறார். அவருடைய ஸ்வநிதி விண்ணப்பத்துக்காக மூன்று முறை அலைந்தோம், இன்னும் கிடைக்கவில்லை. நாளை நான்காவது முறை போகிறோம். அதையும் படத்தில் சேர்ப்போம்.

உங்கள் தெருவில் யார் தண்டல் கட்டுகிறார்கள் என்று கேளுங்கள். அங்கிருந்து தொடங்குங்கள்.

ஜெய் பீம்.