ஆறு பேரின் சத்தியமும் ஒரு கிராமத்தின் ஆட்சியும்

உள்ளாட்சி பற்றிப் பேச மாணவர்கள் அழைக்கும்போதெல்லாம் நாங்கள் மூன்று கேள்விகளை முன்வைப்போம். உங்கள் ஊரில் கூலி கொடுப்பவர் யார்? நிவாரணப் பட்டியலில் யார் பெயர் வரும் என்று முடிவு செய்பவர் யார்? வழக்கு என்று வந்தால் யார் சொல் எடுபடும்? மூன்றுக்கும் ஒரே வீட்டுக்காரர்தான் பதில் என்றால், அந்த ஊரில் எத்தனை தேர்தல் நடந்தாலும் ஆட்சி மாறவில்லை என்று அர்த்தம்.

சமூகவியல் படித்த நாட்களில் இங்கிலாந்துக் கிராமம் எங்களுக்கு ஒரு வண்ணப்படம் போலத்தான் இருந்தது. பச்சை வயல், தேவாலயக் கோபுரம், அமைதி. அந்தப் படத்தைக் கிழித்தது டால்பட்டில் என்ற சிற்றூரின் கதை. தொழிற்சங்க வரலாற்றில் இந்த ஊரைப் பலர் அறிவார்கள். நாம் இங்கே அதை உள்ளாட்சியின் கதையாகப் பார்ப்போம்.

தென்மேற்கு இங்கிலாந்தின் டார்செட் பகுதியில், பிடில் ஆற்றங்கரையில் இருக்கிறது டால்பட்டில். இன்றும் சில நூறு பேர்தான் வசிக்கிறார்கள். 11ஆம் நூற்றாண்டில் இந்த நிலத்துக்கு உரியவராக இருந்த டோலா என்ற பெண்ணின் பெயரும் ஆற்றின் பெயரும் சேர்ந்து ஊர்ப்பெயர் ஆனது. ஊரின் பெயரிலேயே நிலவுடைமை இருக்கிறது, கவனியுங்கள்.

1830களில் இத்தகைய ஊர்களை ஆண்டது யார்? தேவாலயத்தை மையமாகக் கொண்ட பாரிஷ்தான் நிர்வாக எல்லை. அதன் சபைக்கு வெஸ்ட்ரி என்று பெயர். பாதிரியாரும் வரி கட்டும் விவசாயிகளும் கூடி ஏழை நிவாரணம், சாலைப் பராமரிப்பு எல்லாவற்றையும் முடிவு செய்வார்கள். 1818ஆம் ஆண்டுச் சட்டப்படி, சொத்து மதிப்புக்கு ஏற்ப ஒருவருக்கு 6 ஓட்டு வரை உண்டு. வரி கட்டாத கூலித் தொழிலாளிக்கு ஓட்டே கிடையாது. அதற்கு மேலே மாஜிஸ்திரேட்டுகள். இவர்கள் சம்பளம் வாங்கும் அதிகாரிகள் அல்லர். அந்த வட்டாரத்துப் பண்ணையார்கள். நீதியும் மாவட்ட நிர்வாகமும் ஒரே கையில் இருந்தன.

இந்த அமைப்பின் அடியில் இருந்த டால்பட்டில் தொழிலாளர்களின் வாரக்கூலி 9 ஷில்லிங்கிலிருந்து 8 ஆனது, 7 ஆனது, பிறகு 6 ஆகும் என்றார்கள். மற்ற வட்டாரங்களில் 10 ஷில்லிங் கிடைத்தது. அதே கூலியைத் தருவதாகப் பண்ணை விவசாயிகள் பாதிரியார் முன்னிலையில் ஒப்புக்கொண்டார்கள் என்றும், பிறகு பாதிரியாரே அப்படி ஒரு பேச்சு நடக்கவில்லை என்று மறுத்துவிட்டார் என்றும் ஜார்ஜ் லவ்லெஸ் பின்னாளில் எழுதினார். லவ்லெஸ் ஒரு கூலித் தொழிலாளி. மெதடிஸ்ட் சபையில் பிரசங்கம் செய்தவர். முறையிட இருந்த ஒரே உள்ளூர்ச் சாட்சியும் கைவிட்ட பிறகு, 1833இல் அவர்கள் சங்கம் கட்டினார்கள்.

சங்கம் வைப்பது அப்போது குற்றம் அல்ல. அந்தத் தடை 1824இலேயே நீங்கிவிட்டது. ஆனால் சங்கத்தில் சேர்பவர்கள் ரகசியச் சத்தியம் செய்தார்கள். மோர்ட்டன் ஊர்ப் பண்ணையாரும் மாஜிஸ்திரேட்டுமான ஜேம்ஸ் ஃபிராம்ப்டன் உள்துறை அமைச்சர் மெல்போர்னுக்குக் கடிதம் எழுதினார். கடற்படைக் கலகத்தை அடக்க 1797இல் கொண்டுவந்த சட்டவிரோதச் சத்தியத் தடைச் சட்டம் தூசி தட்டி எடுக்கப்பட்டது. 1834 பிப்ரவரி 24 அதிகாலையில் ஜார்ஜ் லவ்லெஸ், அவர் தம்பி ஜேம்ஸ், தாமஸ் ஸ்டாண்ட்ஃபீல்ட், அவர் மகன் ஜான், ஜேம்ஸ் ஹாமெட், ஜேம்ஸ் பிரைன் ஆகிய ஆறு பேரும் கைதாகி டார்செஸ்டர் வரை நடத்திச் செல்லப்பட்டார்கள். வழக்கை விசாரணைக்கு அனுப்பலாமா என்று முடிவு செய்யும் கிராண்ட் ஜூரியில் ஃபிராம்ப்டனே இருந்தார். அவருடைய மகனும் இருந்தார். மார்ச் மாதம் தீர்ப்பு வந்தது: 7 ஆண்டு ஆஸ்திரேலியாவுக்கு நாடு கடத்தல்.

இந்தக் கதையில் எங்களை அதிகம் உறுத்துவது அடுத்து நடந்ததுதான். சோற்றுக்கு வழியில்லாத அந்தக் குடும்பத்துப் பெண்கள் பாரிஷ் நிவாரணம் கேட்டார்கள். மாஜிஸ்திரேட்டுகள் மறுத்துவிட்டார்கள். சங்கத்துக்குக் கட்டப் பணம் இருந்ததல்லவா என்பது அவர்கள் வாதம். கைது செய்தவரின் கையில்தான் பட்டினியும் இருந்தது. உள்ளாட்சி என்பது குழாயும் விளக்கும் மட்டும்தான் என்று நினைக்கும் தோழர்கள் இதை மறக்க வேண்டாம்.

ஊருக்குள் நியாயம் கிடைக்கவில்லை. வெளியே இருந்துதான் வந்தது. 1834 ஏப்ரல் 21 அன்று லண்டன் கோபன்ஹேகன் ஃபீல்ட்ஸில் பல்லாயிரம் தொழிலாளர்கள் திரண்டார்கள். பெரும் கையெழுத்து இயக்கம் நடந்தது. தொழிலாளர்கள் நிதி திரட்டி அந்தக் குடும்பங்களைக் காப்பாற்றினார்கள். 1836இல் அரசு மன்னிப்பு வழங்கியது. திரும்பி வந்தவர்களில் ஐந்து பேர் சில ஆண்டுகள் எசெக்ஸில் குத்தகை நிலத்தில் பயிரிட்டு, பிறகு கனடாவுக்குப் போய்விட்டார்கள். ஹாமெட் மட்டும் டால்பட்டிலிலேயே வாழ்ந்தார். 1891இல் டார்செஸ்டர் ஏழைகள் விடுதியில் இறந்தார்.

அவர் இறந்து மூன்று ஆண்டு கழித்து, 1894இல் வந்த உள்ளாட்சிச் சட்டம் கிராம நிர்வாகத்தைத் தேவாலயத்திடமிருந்து பிரித்தது. 300 பேருக்கு மேல் உள்ள கிராமப்புறப் பாரிஷ்களுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட கவுன்சில் கிடைத்தது. பல ஓட்டு முறை ஒழிந்தது. திருமணமான பெண்களும் ஓட்டுப் போடலாம், போட்டியிடலாம் என்றானது. ஆனால் ஒரு கொக்கி இருந்தது. கூட்டத்தில் கை தூக்கித்தான் தேர்வு. யாராவது கேட்டால் மட்டுமே வாக்குப்பெட்டி. கூலி கொடுப்பவரும் குடியிருக்கும் வீட்டின் சொந்தக்காரரும் முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும்போது, அவருக்கு எதிராக எந்தக் கை உயரும்?

இன்று இங்கிலாந்தில் சுமார் 10,000 பாரிஷ், நகரக் கவுன்சில்கள் உள்ளன. நடைபாதை, தோட்ட நிலம், இடுகாடு போன்றவற்றைக் கவனிக்கின்றன. கட்டட அனுமதி பற்றிக் கருத்துச் சொல்கின்றன. பள்ளியும் சாலையும் மேல்நிலை அமைப்பிடம். டார்செட்டில் அது 2019இலிருந்து டார்செட் கவுன்சில்.

ஒரு செய்தியை இத்துடன் சேர்த்துப் படியுங்கள். இந்தியக் கிராமங்களைச் சின்னஞ்சிறு குடியரசுகள் என்று ஆங்கில அதிகாரி சார்லஸ் மெட்காஃப் புகழ்ந்தது 1830இல். அவருடைய சொந்த நாட்டின் கிராமங்களில் கூலித் தொழிலாளிக்கு ஓட்டு இல்லாத காலம் அது. 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் மெட்காஃபின் இந்தப் புகழ்ச்சியை எடுத்துக்காட்டித்தான் பாபாசாகேப் அம்பேத்கர் கிராமப் பெருமிதத்தை உடைத்தார். டால்பட்டிலைத் தீண்டாமையோடு சமப்படுத்த நாங்கள் சொல்லவில்லை. அந்த ஐந்து பேர் கடல் கடந்ததும் கூலிக்காரன் என்ற பட்டம் கழன்றது. சாதி கப்பலேறியும் கூடவே வரும். ஆனாலும், கிராமம் என்றாலே சமத்துவம் என்ற கற்பனை எந்த நாட்டு மண்ணிலும் நிற்காது என்பதற்கு டால்பட்டில் சாட்சி.

1934இல், தண்டனையின் நூற்றாண்டில், பிரிட்டிஷ் தொழிற்சங்கக் காங்கிரஸ் அந்த ஊரில் ஆறு வீடுகள் கட்டியது. வயதான விவசாயத் தொழிலாளர்கள் குடியிருப்பதற்கு. பண்ணையார் காலி செய்யச் சொல்ல முடியாத வீடுகள். சிலை வைப்பதைவிட இது பெரிய மரியாதை என்று எங்களுக்குத் தோன்றுகிறது. கூலியும் கூரையும் ஒரே ஆளிடம் இருக்கும்வரை கை உயராது. முதலில் அந்தப் பிடியைப் பிரிக்க வேண்டும், தோழர்களே. மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான்.