சக்கரமும் தராசும்

சில ஆண்டுகளுக்கு முன், மலைநாட்டுப் பாடசாலையொன்றில் நான் கற்பித்து வந்த காலத்தில், தெய்வமொன்றைப் படைக்கும் பொறுப்பு எங்கள் வகுப்புக்கு வந்து சேர்ந்தது. ஆண்டுவிழாவுக்கு நாடகம் ஒன்று வேண்டியிருந்தது. பழகிய புராணக் கதையை மீண்டும் மேடையேற்ற மாணவர் விரும்பவில்லை. காலத்துக்குப் புதியதொரு தெய்வத்தைத் தாமே படைக்கப்போவதாகக் கூறினர். நானும் உடன்பட்டேன்.

படைப்பு விரைவாகவே நடந்தேறியது. 'துலாதேவன்' என்று பெயரிட்டனர். வலக்கையில் சக்கரம், இடக்கையில் தராசு. சக்கரம் சுழலச் சுழல யுகங்கள் தோன்றி மறையும். ஒரு யுகத்தில் தாழ்ந்த தட்டு மறு யுகத்தில் உயரும். இன்று அழுபவன் நாளை சிரிப்பான். இறுதியில் அனைத்தும் சமனாகும். கேட்பதற்கு அழகாகவே இருந்தது. யுகக் கணக்கைக் கரும்பலகையில் எழுதி நானும் அதற்கு மெருகூட்டினேன். கிருதயுகம் 17,28,000 ஆண்டுகள்; திரேதாயுகம் 12,96,000; துவாபரயுகம் 8,64,000; கலியுகம் 4,32,000. நான்கும் சேர்ந்தது 43,20,000 ஆண்டுகள் கொண்ட மகாயுகம்.

பின்வரிசையில் ஒரு மாணவி எழுந்தாள். கொழுந்து பறிக்கும் தாயொருத்தியின் மகள்.

"சேர், கலியுகம் தொடங்கி எத்தனை வருசமாச்சு?"

கி.மு. 3102இல் தொடங்கியதாக மரபு கூறுகிறது என்றேன். அவள் கொப்பியில் கழித்துப் பார்த்தாள்.

"அப்ப இன்னும் நாலு லட்சத்து இருபத்தாறாயிரம் வருசத்துக்கு மேல இருக்கு. எங்க அம்மாவோட தட்டு அதுக்குப் பொறகுதான் ஒசருமா, சேர்?"

வகுப்பு சிரித்தது. அவள் சிரிக்கவில்லை. "தராசு சாமி கையில இருக்குன்னு எழுதியிருக்கோம். மடுவத்துல அது யார் கையில இருக்குன்னு எங்களுக்குத் தெரியுமே."

மடுவம் என்பது கொழுந்து நிறுக்குமிடம். சாக்குக்கென்று ஒரு கழிவு, இலையின் ஈரத்துக்கென்று மற்றொரு கழிவு. எஞ்சியதே ஏட்டில் ஏறும். குறித்த கிலோவுக்கு அது குறைந்தால் நாள் முழுவதும் மலையேறி இறங்கியவளுக்கு அரைப்பேர்தான் கிடைக்கும். இவற்றை நான் அறியாதவனல்லன். எனினும் அவளிடம், "இது தத்துவம், பிள்ளை. தோட்டத்து வழக்கை இதற்குள் கொண்டுவராதே" என்றேன். அவள் அமர்ந்துவிட்டாள்.

அன்றிரவு எனக்கு உறக்கம் கொள்ளவில்லை. அவள் கேட்டது தத்துவக் கேள்வியே என்பதும், நான் கூறியதுதான் தத்துவத்தின் பெயரால் வாயடைக்கும் வேலை என்பதும் எனக்குத் தெளிவாயின.

சக்கரமும் தராசும் ஒரே இடத்தில் பிறந்தவையல்ல. காலம் சுழல்கிறது என்ற எண்ணம் உழவனின் அனுபவம். மழை மீண்டும் வருகிறது. விதைப்பும் அறுவடையும் மீண்டும் வருகின்றன. பிரபவ முதல் அட்சய வரையான அறுபது ஆண்டு வட்டமும் வானத்தைக் கூர்ந்து நோக்கிய மனிதரின் கணக்கே. அதில் இகழ்வதற்கு எதுவுமில்லை. தராசோ களஞ்சியத்தின் கருவி. விளைந்ததை ஒருவர் அளந்து மற்றொருவருக்குக் கொடுக்கும் நிலை தோன்றிய பின்னரே அதற்குத் தேவை ஏற்பட்டது. முன்னையது இயற்கையின் இயக்கம். பின்னையது மனிதர் செய்துகொண்ட ஏற்பாடு. இரண்டையும் ஒரே தெய்வத்தின் இரு கைகளிலும் கொடுத்துவிட்டால், மனிதரின் ஏற்பாடும் மழையைப் போலத் தானாக நிகழ்வதாகத் தோன்றும். மழையிடம் எவரும் நியாயம் கேட்பதில்லை. எங்கள் துலாதேவனிடமிருந்த குற்றம் இதுதான்.

பண்டை எகிப்தியரும் சமநிலைக்கு ஒரு தெய்வத்தைக் கொண்டிருந்தனர். மாஅத் என்பது அவள் பெயர். இறந்தவனின் இதயம் அவளது இறகுக்கு எதிராகத் தராசில் நிறுக்கப்படும் என்பது அவர்களின் நம்பிக்கை. மாஅத்தின் ஒழுங்கைப் பூமியில் காப்பது மன்னனின் கடமை. கி.மு. 1157 அளவில், மூன்றாம் ராம்செஸ் மன்னனின் 29ஆம் ஆட்சியாண்டில், அரச கல்லறைகளைக் குடைந்து ஓவியம் தீட்டிய தொழிலாளருக்குக் கூலியாகிய தானியம் உரிய நாளில் வந்து சேரவில்லை. அவர்கள் வேலையை விட்டு வெளியேறிக் கோயிலொன்றின் அருகே அமர்ந்தனர். பசியும் தாகமுமே தங்களை அங்கு கொண்டுவந்தன என்றும், உடையும் எண்ணெயும் மீனும் காய்கறியும் தங்களிடம் இல்லையென்றும், இதனை மன்னனுக்கு எழுதுங்கள் என்றும் அதிகாரிகளிடம் கூறினர். இச்செய்தியைத் தாங்கிய பாப்பிரசுச் சுவடி இத்தாலியின் தூரின் நகர அருங்காட்சியகத்தில் உள்ளது. எழுத்துப் பதிவுள்ள வேலைநிறுத்தங்களில் இதுவே முதலாவதெனக் கருதப்படுகிறது. கல்லறைச் சுவர்களில் மாஅத்தின் உருவைத் தீட்டிய மனிதர், அவள் வந்து தட்டைச் சரிசெய்வாள் என்று காத்திருக்கவில்லை.

எங்கள் மலைகளிலும் சக்கரம் சுழலாமல் இல்லை. கோப்பி இருந்தது, 1869இல் தோன்றிய இலைநோய் அதனை அழித்தது. 1867இல் லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் தொடங்கிய தேயிலைச் செய்கை அதன் இடத்தைப் பிடித்தது. 1972, 1975ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தங்களால் பெருந்தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992இல் அவற்றின் நிருவாகம் மீண்டும் கம்பனிகளிடம் சென்றது. ஒவ்வொரு சுழற்சியிலும் தராசைப் பிடித்த கை மாறியது. தட்டில் கொழுந்தைக் கொட்டிய கை மாறவில்லை. அத்தட்டு சிறிதேனும் அசைந்ததுண்டெனில், அது காலம் கனிந்து அசைந்ததன்று. 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் கூலி உயர்வு கேட்டு நடந்த போராட்டத்தில், பொலிசாரின் துப்பாக்கிச் சூட்டுக்குக் கோவிந்தன் என்ற தொழிலாளி பலியானார். தட்டை அசைக்க முயன்றவர் கொடுத்த விலை அது.

மறுநாட் காலை வகுப்பில், முதல் நாள் நான் கூறியது தவறு என்று அம்மாணவியிடம் சொன்னேன். ஆசிரியர் தவறு செய்ததை ஒப்புக்கொள்வதைக் கேட்டு அவர்களுக்குப் பழக்கமில்லை. சற்று நேரம் ஒருவரும் பேசவில்லை. பின்னர் நாடகத்தைத் திரும்ப எழுதத் தொடங்கினோம். விழாவில் தோட்டத்து அதிகாரிகள் முன்வரிசையில் இருப்பார்களென்றும், வீண் வம்பு வேண்டாமென்றும் சிலர் எனக்கு அறிவுரை கூறினர். அச்சம் எனக்கும் இருந்தது. ஆயினும் எழுதியதை மாற்றவில்லை.

புதிய நாடகத்தில் துலாதேவனுக்குச் சக்கரம் மட்டுமே எஞ்சியது. தராசை அவன் கையிலிருந்து வாங்கி, மேடையின் நடுவில், முள் சபையோர் அனைவருக்கும் தெரியுமாறு தொங்கவிட்டனர். நிறுப்பவனும் நிறுக்கப்படுபவளும் அதன் இரு பக்கத்திலும் நின்று முள்ளைப் பார்த்தனர். அத்துடன் திரை விழுந்தது.

கூட்டம் கலைந்தபோது அம்மாணவியின் தாய் என்னிடம் வந்தார். நாடகம் எப்படியிருந்தது என்று கேட்டேன்.

"நல்லா இருந்திச்சுங்க சேர். முள்ளு எங்களுக்கும் தெரிஞ்சிச்சு" என்றார். மறுநாள் விடியுமுன் அவர் மலைக்குப் போகவேண்டும். மகளின் கையைப் பிடித்துக்கொண்டு லயத்தை நோக்கி நடந்தார்.