தகயனாகி அனுப்பிய எழுத்து

ஜப்பான் டிவி என்றால் நம்மில் பலருக்கு சோனி, பானாசோனிக்தான் நினைவுக்கு வரும். எனக்கு முதலில் வருவது கெஞ்சிரோ தகயனாகி.

1926 டிசம்பர் 25. ஹமமட்சு நகரில் ஒரு தொழிற்கல்விப் பள்ளியின் ஆய்வகம். அபிரகத் தகட்டில் மையால் எழுதிய ஒரே ஒரு ஜப்பானிய எழுத்து, 'இ'. அதன் மேல் பலத்த வெளிச்சம் பாய்ச்சி, துளைகள் போட்ட வட்டத்தட்டைச் சுழற்றி, உருவத்தை 40 வரிகளாகப் பிரித்து அனுப்புகிறார். மறுமுனையில், கேத்தோடு கதிர்க் குழாயில் அந்த எழுத்து தெரிகிறது! அப்போது அவருக்கு வயது 27.

அதே ஆண்டு ஜனவரியில் லண்டனில் இன்னொரு டிவி முன்னோடியான பேர்ட் மனித முகத்தையே காட்டிவிட்டார், உண்மைதான். ஆனால் அவருடையது இரு முனையிலும் இயந்திரத் தட்டு. படத்தைக் காட்ட மின்னணுக் குழாயை நம்பியவர் தகயனாகி. பிற்பாடு உலகம் போனது அந்த வழியில்தான். பள்ளிக்கூட ஆசிரியர் ஒருவருக்கு இந்தத் தெளிவு இருந்ததை நினைத்தால் இன்றும் சிலிர்க்கிறது.

1940 டோக்கியோ ஒலிம்பிக்கை ஒளிபரப்பும் கனவோடு 1937-இல் ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கேவுக்குப் போனார். போர் வந்தது, ஒலிம்பிக் ரத்து. போருக்குப் பின் டிவி ஆய்வுக்கே தடை. மனுஷன் விடவில்லை. ஜேவிசி நிறுவனத்தில் சேர்ந்து, அங்கே டிவி வேலையைத் தொடர்ந்தார். என்எச்கே முறையான ஒளிபரப்பைத் தொடங்கியது 1953 பிப்ரவரி 1-இல். 1964-இல் டோக்கியோவில் ஒலிம்பிக் நடந்தபோது, படம் செயற்கைக்கோள் வழியாக அமெரிக்கா வரை போனது. அதைப் பார்க்க அவர் உயிரோடு இருந்தார் என்பதில் எனக்கு அத்தனை சந்தோஷம்.