பனியில்லாப் பருவத்தில் நாய்வண்டி

தமிழில் ‘பனி’ என்னும் சொல் மிகத் தாராளமான சொல். மார்கழி விடியலிற் புல்நுனியில் நிற்கும் துளியும் பனி. தை மாதத்தில் இராயபுரத்து இரயில் பாதையை மறைத்துக் கிடக்கும் வெண்படலமும் பனி. இமயத்தின் முடியில் ஆண்டு முழுதும் உறைந்திருப்பதும் பனியே. பெரும்பொழுது ஆறனுள் இரண்டினை முன்பனி, பின்பனி என அதற்கே ஒதுக்கிவைத்தனர் நம் இலக்கண ஆசிரியர். எனினும் அவ்விரண்டனுள் எப்பனியின்மீதும் ஒரு வண்டி சறுக்கிச் செல்லுதல் இயலாது. உப்புக்காற்றிற் பிறந்து வளர்ந்த யான் நாய் பூட்டிய வண்டியில் ஏறினேன் என்றால் நண்பர்கள் நகைப்பர். அதுவும் பனியெல்லாம் உருகியோடிய பின்னர் ஏறினேன் என்றால் அந்நகை இரட்டிக்கும். நகைக்கட்டும். நிகழ்ந்ததை நிகழ்ந்தவாறே எழுதுகிறேன்.

என் சிற்றன்னையார் நார்வே நாட்டின் வடகோடியிலுள்ள டிரோம்சோ நகரில் வாழ்கின்றார். அவர் கணவர் யாழ்ப்பாணத்தவர். நார்வேயிற் குடிபுகுந்த முதல் தமிழர் என்று சொல்லப்படும் அந்தோனி இராசேந்திரம் என்பாரும் யாழ்ப்பாணத்தவரே. அவர் அந்நாட்டிற்குச் சென்றது 1956ஆம் ஆண்டில். பின்னர் ஈழத்திற் போர் மூண்டபோது, 1980ஆம் ஆண்டுகளில், பலர் அவ்வழியே சென்று வடநார்வேயின் மீன் தொழிற்கூடங்களிற் கத்தியும் கையுமாய் நின்று பிழைத்தனர். என் சிற்றப்பாவும் அவ்வாறு நின்றவரே. நார்வேக்கும் நம் கடற்கரைக்கும் உள்ள உறவு இவ்வளவில் முடியவில்லை. 1952இல் ஐக்கிய நாடுகள் அவையும் இந்தியாவும் நார்வேயும் செய்துகொண்ட உடன்படிக்கையின் பயனாகவே கொல்லத்தை அடுத்த நீண்டகரையில் விசைப்படகுகள் புகுந்தன. காசிமேட்டுத் துறையில் நெருங்கி நிற்கும் விசைப்படகுகளைக் காணும்போதெல்லாம் எனக்கு இச்செய்தி நினைவுக்கு வரும்.

கோடை விடுமுறையில், ஜூன் முதல் வாரத்தில், யான் அங்குப் போய்ச் சேர்ந்தேன். இங்கே அப்பொழுது மீன்பிடித் தடைக்காலம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாட்கள் விசைப்படகுகள் கடலுக்குச் செல்லா. வலை பின்னுதலும் படகிற்கு வண்ணம் பூசுதலுமே காசிமேட்டின் தொழில். அங்கே நாய்வண்டிக்காரருக்கும் அதே நிலைமை. பனி போயிற்று, சறுக்குவண்டிகள் கொட்டகையிற் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தன, நாய்கள் உரோமம் உதிர்த்துக்கொண்டு படுத்திருந்தன. பருவந் தவறிய ஊரிலிருந்து பருவந் தவறிய ஊருக்கு வந்த விருந்தினன் யான்.

“தம்பி, இவ்வளவு தூரம் வந்திட்டீர், நாய்வண்டி ஒருக்கா ஏறிப் பாரும். பனி இல்லாட்டிலும் சில்லு வண்டியிலே பூட்டுவினம்” என்றார் சிற்றப்பா. சில்லு என்பது யாழ்ப்பாணத்தார் வாயில் சக்கரம்.

யான் உடனே விடை கூறவில்லை. அதற்கொரு காரணம் உண்டு.

என் தாத்தா இளமையில் இராயபுரத்திற் கைரிக்ஷா இழுத்தவர். 1856இல் திறக்கப்பட்ட அப்பழைய இரயில் நிலையத்தின் வாயிலில் நின்று, துறைமுகத்திற்கும் தங்கசாலைத் தெருவிற்கும் ஆட்களையும் மூட்டைகளையும் இழுத்துச் சென்றவர். சித்திரை வெயிலில் உருகிய தார் வெறுங்காலில் ஒட்டும். ஐப்பசி மழையில் முழங்காலளவு நீரில் வண்டி மிதக்கும். 1973இல் தமிழ்நாட்டரசு கைரிக்ஷாவை ஒழித்து, இழுத்தவர்களுக்குச் சைக்கிள் ரிக்ஷாக்களை வழங்கியது. தாத்தா அதையும் சில ஆண்டுகள் மிதித்துப் பின்னர்த் துறைமுகத்தில் மூட்டை சுமக்கப் போனார். எங்கள் வீட்டில் ஒரு விதி உண்டு. எழுதப்படாத விதி, ஆயினும் பிறழாத விதி. மற்றோர் உயிரின் மூச்சு இழுக்கும் வண்டியில் எங்கள் குடும்பத்தார் ஏறுவதில்லை. மெரீனாவிற் குதிரைமீதேற யான் சிறுவயதில் அழுதபோதும் தாத்தா இசையவில்லை. ஏன் என்று அவர் விளக்கியதுமில்லை.

இதனைச் சிற்றப்பாவிடம் சொன்னேன். அவர் சிறிது நேரம் பேசாதிருந்து, “ஏற வேண்டாம், வந்து பாரும். பார்க்கிறதுக்கு விதி ஒண்டும் இல்லைத்தானே” என்றார்.

வெயில் கூடாது என்பதனால் இரவு பத்தரை மணிக்கு எங்களை வரச் சொல்லியிருந்தார்கள். இரவு என்பது கடிகாரக் கணக்கே. டிரோம்சோ வடமுனை வட்டத்திற்கும் வடக்கே ஏறத்தாழ 350 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. மே மாதப் பிற்பகுதி முதல் ஜூலை மாதப் பிற்பகுதி வரை அங்கே ஞாயிறு மறைவதேயில்லை. மலையின் தோளில் மஞ்சட் கதிர் சாய்ந்து கிடந்தது. வெப்பம் 8 பாகை. எனக்கு நடுக்கம், நாய்களுக்கோ அதுவே சற்று மிகுதி. நாய்க்கு நம்மைப் போல உடலெங்கும் வியர்வை இல்லை. நாவை நீட்டி இளைத்தே அது தன் வெப்பத்தைப் போக்கிக்கொள்ள வேண்டும். ஈரடுக்கு உரோமப் போர்வையுடன் ஓடும் இந்நாய்கள் பூச்சியத்திற்குக் கீழே பத்து இருபது பாகையிலேதான் இன்பமாய் ஓடும். காற்றில் வெப்பம் ஏறினால் வண்டி பூட்டமாட்டேன் என்றார் அந்நாய்களை வளர்க்கும் அம்மையார். அவர் சுவரில் வெப்பமானி தொங்கியது; வந்த விருந்தினர் முகத்தைப் பாராமல் அதனையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர்மேல் எனக்கு மதிப்புத் தோன்றியது அப்பொழுதுதான்.

படத்திற் காணும் நீலக்கண் நாய்களை எதிர்பார்த்துச் சென்ற எனக்கு ஒரு வியப்பு. பெரும்பாலானவை அலாஸ்கா ஹஸ்கி என்னும் வகையின. அது தூய சாதியன்று. நிறத்தையும் வடிவத்தையும் கருதாமல், ஓட்டத்தையும் பசியையும் மனவூக்கத்தையும் மட்டுமே கண்டு பல இனங்களைக் கலந்து உண்டாக்கியது. ஒன்றிற்கு ஒரு காது நிமிர்ந்தும் மற்றது மடிந்தும் இருந்தது. ஒன்று செம்பட்டை, ஒன்று சாம்பல். எங்கள் தெருவிற் குப்பைத்தொட்டியருகே உறங்கும் நாய்களுக்கு ஒன்றுவிட்ட உறவினர் என்றே சொல்லலாம். குலம் பாராது திறம் பார்க்கும் இவ்வழக்கம் நாய்களுக்காவது வாய்த்ததே என்று எண்ணிக்கொண்டேன்.

அம்மையார் கொட்டகையினின்று சேணவார்களை எடுத்துக்கொண்டு வெளிவந்தார். அந்நொடியில் எழுந்த ஓசையை எவ்வாறு எழுதுவேன்! நாற்பது நாய்களும் ஒருங்கே குரைத்தன, ஊளையிட்டன, கூரைமேல் ஏறிக் குதித்தன, சங்கிலியை இழுத்து முன்னங்கால்களை வானில் வீசின. “என்னை, என்னை” என்று கூவுவதாகவே பட்டது. எட்டு நாய்களே பூட்டப்பட்டன. முன்னே இரண்டு, வழி அறிந்தவை, இரண்டும் பெட்டைகள், வண்டியை ஒட்டிப் பின்னே இரண்டு, உடல் வலியவை, இடையில் நான்கு. நம் மாட்டுவண்டியிற்போல நுகத்தடி இல்லை. மார்பைத் தழுவும் வாரும், நடுவிலோடும் ஒற்றை வடமும், வாலடியிலிருந்து அதனோடு இணைக்கும் சிறு கயிறுமே. கடிவாளமும் இல்லை, சாட்டையும் இல்லை. ‘ஜீ’ என்றால் வலம், ‘ஹா’ என்றால் இடம், குரலே கடிவாளம். பூட்டப்படாது எஞ்சிய நாய்களின் துயரம் காணச் சகியாதது. ஒரு கிழநாய், வயது பன்னிரண்டு என்றார்கள், வாய் திறவாது எங்களை நோக்கியபடியே நின்றது.

ஏறினேன். ‘பார்க்க வந்தவன் ஏறியது ஏன்’ என்று வினவுவார்க்கு என்னிடம் ஒழுங்கான விடை இல்லை. அக்கிழநாயின் முகத்தைக் கண்டபின், இழுப்பதை இத்துணை விரும்பும் உயிரும் உலகில் உண்டு என்பதை உடம்பால் அறியவேண்டும் போலிருந்தது.

வண்டி என்றது நான்கு சக்கரமும் நல்ல தடையும் உடைய இரும்புச் சட்டம். தடையை விடுவித்தவுடன் குரைப்பு முழுதும் நின்றது. திடீரென்று அத்துணை அமைதி. மூச்சின் இரைச்சலும் சரளைக் கல்லின் நெரிசலும் தவிர வேறொன்றும் கேட்கவில்லை. பனியின்மீது சறுக்கும் வண்டி எண்ணெய் பூசினாற்போல் வழுக்கிச் செல்லுமாம். இதுவோ எலும்பெல்லாம் அதிரக் குலுங்கிற்று. சேறு முகத்தில் தெறித்தது. ஓடும்போதே நாய்கள் தம் இயற்கைக் கடனையும் கழித்தன. அதன் மணம் நேரே பின்னாலிருப்பவனுக்கே உரியது. நூல்களில் இதனை எவரும் எழுதக் கண்டிலேன். பிர்ச் மரங்கள் அப்பொழுதுதான் தளிர்விட்டிருந்தன. ஒரு நீரோடை குறுக்கிட்டது. எட்டும் அதில் விழுந்து வயிறு நனையப் படுத்துக்கொண்டன. அம்மையாரும் அவற்றை எழுப்பவில்லை. இளைப்பாறி அவை தாமே எழுந்த பின்னரே வண்டி நகர்ந்தது.

அதனை அடுத்து ஒரு மேடு. அம்மையார் சட்டெனக் கீழே குதித்து வண்டியைத் தள்ளிக்கொண்டு ஓடினார். என்னையும் நோக்கினார். யானும் இறங்கித் தள்ளினேன். மேடு வந்தால் இறங்கித் தள்ளுவது அவர்கள் வழக்கமாம். தாத்தாவின் வண்டியில் ஏறியவர்களுள் மேட்டில் இறங்கியவர் எத்தனை பேர் இருந்திருப்பர் என்று அம்மேட்டின் நடுவில் எனக்குத் தோன்றிற்று.

இந்நாய்களின் வரலாறு பெருமையும் கொடுமையும் கலந்தது. 1925ஆம் ஆண்டு சனவரி மாதத்தில் அலாஸ்காவின் நோம் என்னும் ஊரில் தொண்டையடைப்பான் நோய் பரவிற்று. விமானம் பறக்கவியலாத குளிரில், இருபது நாய்வண்டிக்காரர் ஒருவர்பின் ஒருவராய்க் கைமாற்றி, ஏறத்தாழ 1,085 கிலோமீட்டர் வழியை ஐந்தரை நாளிற் கடந்து மருந்தைக் கொண்டுசேர்த்தனர். அவருள் மிக நெடிய பகுதியை ஓட்டியவர் வடநார்வேயிற் பிறந்த லியோன்ஹார்ட் செப்பாலா. அவர் வண்டியை முன்னின்று இழுத்தது டோகோ என்னும் நாய். ஆனாற் சிலை கிடைத்தது, இறுதிப் பகுதியை ஓடிய பால்ட்டோவிற்கு. இஃது ஒரு பக்கம். 1911இல் தென்முனையை முதன்முதல் அடைந்த அமுண்ட்சென் 52 நாய்களுடன் புறப்பட்டார், மீண்டவை 11. பெரும்பாலானவற்றை வழியிற் கொன்று, மற்ற நாய்களுக்கும் மனிதர்க்கும் உணவாக்குவது என்பது முன்னரே கணக்கிட்ட ஏற்பாடு. அவர் வெற்றியைப் போற்றும் நூல்கள் இக்கணக்கை விரைவாகக் கடந்துபோகின்றன. யான் கடக்க விரும்பவில்லை.

பனிக்காலமும் பழையபடி இல்லை. அலாஸ்காவின் புகழ்பெற்ற இடிட்டராட் பந்தயம் 1973இல் தொடங்கியது. பனி போதாமையால் 2003, 2015, 2017 ஆகிய ஆண்டுகளில் அதன் தொடக்கத்தையே வடக்கேயுள்ள பேர்பாங்க்ஸ் நகருக்கு மாற்றவேண்டியதாயிற்று. சக்கர வண்டி முன்பு இலையுதிர் காலப் பயிற்சிக்கு மட்டும் என்றிருந்ததாம். இப்பொழுது அது கொட்டகையுள் ஓய்வதே அரிதாகிறது என்று அம்மையார் கூறினார். பனி வரத் தாமதித்தாலும் நாற்பது வாய்களுக்குத் தீனி தாமதிக்க இயலுமா? நெடும்பந்தயத்தில் ஓடும் நாய் ஒரு நாளைக்கு 10,000 கலோரி வரை எரிக்கும் என்பர். ஓடாத நாளிலும் அது பட்டினி கிடக்காது. விருந்தினர் தரும் பணமே அக்கொழுப்பும் மீனும்.

நாய்கள் மகிழ்ந்தே இழுத்தன. அதில் எனக்கு ஐயமில்லை. ஆயினும் மகிழ்ச்சியைச் சான்றாகக் காட்டுவதில் ஓர் இடர்ப்பாடு உண்டு. சவாரி கிடைத்தால் ரிக்ஷாக்காரன் முகம் மலர்கிறதே என்று அக்காலத்தாரும் சொல்லியிருப்பர். பசித்தவன் முகமலர்ச்சி வேறு, ஓட்டத்திற்கென்றே பிறப்பிக்கப்பட்ட விலங்கின் துள்ளல் வேறு என்று யான் பிரித்துக்கொள்கிறேன். அப்படிப் பிறப்பித்தவன் மனிதனே என்பதும் உடனே நினைவுக்கு வருகிறது. இவ்விரண்டையும் என் மனத்தில் இன்னும் இசைவிக்க முடியவில்லை.

ஊர் திரும்பியபின் தாத்தாவிடம் அனைத்தையும் சொன்னேன். சினப்பார் என்றிருந்தேன். அவர் திண்ணையிற் காலை நீட்டியபடி கேட்டார்: “ஏண்டா, ஓட்டத்துக்கு முன்னாலே தண்ணி காட்டினாங்களா?”

“காட்டினாங்க தாத்தா. ஓடையிலே படுத்துக்கிட்டபோது எழுப்பவும் இல்லை.”

“வயசானதை என்ன பண்ணுறாங்க?”

கிழநாயைப் பற்றிச் சொன்னேன். அது வண்டி இழுப்பதை விட்டு இரண்டாண்டு ஆகியும், இரவில் அம்மையாரின் அடுப்படியிலேயே உறங்குகிறது என்று சொன்னேன். தாத்தா நெடுநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, “எங்களுக்கு வண்டி வாடகை போகத்தாண்டா சோறு, காய்ச்சல்லே படுத்தாலும் அன்னன்னைக்கு வாடகை கட்டணும்” என்று சொல்லிவிட்டு, அந்நாயின் பெயர் என்ன என்று கேட்டார். சொன்னேன். நார்வே மொழிப் பெயர்; அவர் வாயில் அது நுழையவில்லை. இரண்டு முறை சொல்லிப் பார்த்தார்.